கல்யாணப் பெண்ணுக்குப் பயனுள்ள பரிசு: வீட்டுக்கா, அவளுக்கா?

வெயில்காகம்:
என் நெருங்கிய தோழிக்கு இன்னும் ஆறு வாரத்தில் கல்யாணம். ஐந்து பேர் சேர்ந்து ஒரே பரிசாகக் கொடுக்கலாம் என்று ஆரம்பித்த பேச்சு இப்போது சண்டையில் வந்து நிற்கிறது. இரண்டு பேர் மிக்ஸி, குக்கர் என்று சமையலறைப் பக்கம். ஒருத்தி, இருவர் பெயரும் பொறித்து உள்ளே விளக்கு எரியும் போட்டோ ஃப்ரேம்தான் வேண்டும் என்கிறாள். எனக்குப் பெரிய சூட்கேஸ் நல்லது என்று படுகிறது, ஏனென்றால் கல்யாணம் முடிந்ததும் அவள் வேறு ஊருக்குப் போகிறாள், வேலையை விடாமல் அங்கே வீட்டிலிருந்தே பார்க்கப் போகிறாள். ஐந்தாவது ஆள் எதைச் சொன்னாலும் சரி என்பாள், அவளை விடுங்கள். பயன்படுகிற மாதிரி, அதே சமயம் நாங்கள் யோசித்து வாங்கியது என்று தெரிகிற மாதிரி ஏதாவது சொல்லுங்கள்.

கணக்குப்பிள்ளை:
பணம். இதற்கு ஐந்து பேர் உட்கார்ந்து சண்டை போடவே வேண்டாம். புது ஊர், புது வீடு, முதல் மூன்று மாதம் எதற்கு எவ்வளவு போகும் என்று யாருக்கும் தெரியாது. உங்கள் ஃப்ரேம் அவளுக்கு முன்பணம் கட்டுமா?

நாலுமணிப்பூ:
பணம் கொடுத்தால் அது அவளுக்குப் போகும் என்று எப்படி நம்புகிறீர்கள்? என் கல்யாணத்துக்குப் பணமாக வந்தது அத்தனையும் ஒரு பைக்குள் போனது, அந்தப் பை ஒரு பெரியவர் கைக்குப் போனது, அங்கிருந்து கல்யாணச் செலவின் பாக்கிக்குப் போனது. யாரையும் குறை சொல்லவில்லை, பாக்கி நிஜமாகவே இருந்தது. ஆனால் என் தோழிகள் எனக்கென்று கொடுத்தது எது என்று இன்று வரை எனக்குத் தெரியாது.

கணக்குப்பிள்ளை:
அது பணத்தின் குற்றம் இல்லை, கொடுத்த இடத்தின் குற்றம். கூட்டத்தில் நீட்டினால் பைக்குள்தான் போகும். அவள் பெயரில் மட்டும் இருக்கும் கணக்குக்கு, கல்யாணத்துக்கு ஒரு வாரம் முன்னால் அனுப்பிவிட்டு, "இது உனக்கு, வீட்டுக்கு இல்லை" என்று ஒரு வரி எழுதுங்கள். முடிந்தது.

நாலுமணிப்பூ:
இதை ஒத்துக்கொள்கிறேன். ஆனாலும் அந்தப் பணத்திலும் அவள் முதலில் திரைச்சீலைதான் வாங்குவாள், பந்தயம் கட்டவா?

இரும்புக்கடாய்:
சமையலறைப் பொருள் என்றாலே ஏன் முகத்தைச் சுளிக்கிறீர்கள் பிள்ளைகளா? எனக்குக் கல்யாணமாகி 22 வருடம். வந்த பரிசுகளில் இன்றும் கையில் இருப்பது அடி கனமான ஒரு பாத்திரமும் ஒரு நல்ல கத்தியும்தான். பெயர் பொறித்தது, விளக்கு எரிந்தது, பூங்கொத்து பிடித்த பொம்மை எல்லாம் எந்தப் பரணில் இருக்கிறதோ. வாங்குவதானால் நான்ஸ்டிக் மட்டும் வேண்டாம். வெறும் பாத்திரத்தைத் தெரியாமல் பெரிய தீயில் விட்டால், சூடு 260 டிகிரி செல்சியஸைத் தாண்டும்போது மேல்பூச்சு கெட ஆரம்பிக்கும். புதிதாகக் குடும்பம் நடத்துகிறவர்கள் அடுப்பில் வைத்துவிட்டுப் போனில் பேசுவது நடக்கிற கதைதான். எவர்சில்வரோ இரும்போ வாங்குங்கள், ஆயுசுக்கும் வரும்.

நாலுமணிப்பூ:
அக்கா, பாத்திரம் நல்ல பாத்திரமாகவே இருக்கட்டும். ஒன்றே ஒன்று கேட்கிறேன். மாப்பிள்ளையின் நண்பர்கள் அவருக்கு என்ன வாங்குவார்கள்? வாட்ச், ஹெட்போன், பயணப் பை. ஒருவராவது "நாளை முதல் உனக்குப் பயன்படும்டா" என்று குக்கர் வாங்கித் தருவாரா? சாப்பிடப்போவது இரண்டு பேர், பரிசு மட்டும் அவள் பெயரில். அது வீட்டுக்குக் கொடுத்தது. அதை இருவருக்கும் சேர்த்துக் கொடுங்கள், மணப்பெண்ணுக்கு என்று எழுதாதீர்கள்.

இரும்புக்கடாய்:
அது நியாயமான கேள்விதான் தங்கச்சி. என் வீட்டுக்காரருக்குக் கைக்கடிகாரம் மட்டும் நான்கு வந்தது. எனக்கு வந்த மிக்ஸி எண்ணிக்கையைச் சொன்னால் சிரிப்பீர்கள். ஆனால் சமைக்கப் பிடித்த பெண்ணும் உண்டு, அவளுக்கு நல்ல கத்தி கொடுத்தால் அது அவளுக்குக் கொடுத்ததுதான். அந்தத் தோழிக்குச் சமைக்கப் பிடிக்குமா என்று இதுவரை ஒருவரும் கேட்கவில்லையே.

வெயில்காகம்:
சுடுதண்ணீர் வைப்பாள் அக்கா. அதுவும் சில நாள்.

ஊர்சுற்றி:
அப்படியானால் குக்கரை விடுங்கள். சூட்கேஸ் நல்ல யோசனை, ஆனால் "பெரிய" என்று சொன்னீர்களே, அங்கேதான் தப்பு. விமானத்தில் போகிறவளாக இருந்தால், பல நிறுவனங்கள் சரக்கில் போடும் பெட்டிக்கு நீளம், அகலம், உயரம் மூன்றையும் கூட்டி 158 சென்டிமீட்டர் என்று வரம்பு வைத்திருக்கின்றன, எடையில் 23 கிலோ என்பது பரவலான கணக்கு. பெட்டியே 5 கிலோ என்றால் மிச்சத்தை நீங்களே பாருங்கள். பெரிய பெட்டி வாங்கிக் கொடுத்தால் அதை நிரப்புவாள், அப்புறம் விமான நிலையத்தில் தரையில் உட்கார்ந்து துணியை வெளியே எடுப்பாள், எடுக்கும்போது உங்களை நினைப்பாள். நடுத்தர அளவில், இரண்டு கிலோ சொச்சத்தில், நான்கு சக்கரம் வைத்தது பாருங்கள். உள்ளேயே பேட்டரி பொருத்தி வருகிற பெட்டி வேண்டவே வேண்டாம். பேட்டரியைக் கழற்ற முடியாவிட்டால் பெட்டியையே ஏற்ற மாட்டார்கள்.

முத்துச்சிப்பி:
ஒரு ஜோடி கம்மல் வாங்கினால் முடிந்தது. வெள்ளி போதும், 925 முத்திரை பார்த்து வாங்குங்கள்.

நாலுமணிப்பூ:
925 என்றால் ஆயிரத்தில் 925 பங்கு வெள்ளி, மீதி பெரும்பாலும் செம்பு. அது சரி. ஆனால் மேலே வேறு பூச்சு பூசியிருந்தால் நிக்கல் இருக்கக்கூடும், நிக்கல் ஒத்துக்கொள்ளாத காது எனக்கே இருக்கிறது. அவள் எதைப் போட்டால் காது சிவக்கும் என்று தெரியாமல் காதில் போடுவதை வாங்காதீர்கள். வாசனைத் திரவியமும் அப்படித்தான்.

தாள்பூச்சி:
யாரும் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன், சிரிக்காதீர்கள். சான்றிதழ் வைக்க நல்ல ஃபைல். கல்யாணமாகிப் போகும்போது துணி, நகை எல்லாவற்றையும் எண்ணி எடுத்துக்கொண்டேன், பட்டச் சான்றிதழை அம்மா வீட்டு அலமாரியிலேயே விட்டுவிட்டேன். இரண்டு வருடம் கழித்து ஒரு வேலைக்கு மூலச் சான்றிதழைக் கேட்டார்கள். அம்மா ஊரில் இல்லை, சாவி அவர்கள் கையில். அந்த வேலை போயிற்று. ஈரம் புகாத ஒரு ஃபைல் வாங்கி, பிறப்புச் சான்றிதழ், படிப்பு, பாஸ்போர்ட், தடுப்பூசி அட்டை, வங்கித் தாள் என்று ஒவ்வொரு அறைக்கும் பெயர் ஒட்டுங்கள். ஒரு நாள் மதியம் அவளோடு உட்கார்ந்து எல்லாவற்றையும் ஸ்கேன் செய்து, அவளிடம் மட்டும் இருக்கிற ஒரு பென் டிரைவில் போட்டுக் கொடுங்கள். ஐந்து பேர் போடும் பணத்தில் இதற்கு ஒரு துளிதான் போகும்.

கணக்குப்பிள்ளை:
பணம் என்று சொன்னவனே நான்தான். ஆனாலும் இது நன்றாக இருக்கிறது.

சுத்தியல்:
இவ்வளவு பேசுவதற்கு அவளிடமே கேட்டால் என்ன?

வெயில்காகம்:
கேட்டால் "ஒன்றும் வேண்டாம், நீங்கள் வந்தால் போதும்" என்பாள். எல்லாரும் அதைத்தானே சொல்வார்கள்.

சுத்தியல்:
"என்ன வேண்டும்" என்று கேட்டால் அப்படித்தான் வரும். "அந்த வீட்டில் உனக்கு எது இல்லாமல் கஷ்டமாக இருக்கும்" என்று கேளுங்கள்.

வெயில்காகம்:
மூன்று நாள் கழித்து வருகிறேன். கேட்டேன். யோசிக்கவே இல்லை, "நாற்காலி" என்றாள். அந்த வீட்டில் வேலை பார்க்கச் சாப்பாட்டு மேசைதான் இருக்கிறதாம். இவள் 5 அடிக்கும் குறைவு, வழக்கமான மேசை 75 சென்டிமீட்டர் வரைக்கும் இருக்கும், தோளைத் தூக்கிக்கொண்டுதான் தட்டச்சு செய்ய வேண்டும். நேற்று அவளைக் கூட்டிக்கொண்டு போய் ஒன்பது நாற்காலியில் உட்கார வைத்துப் பார்த்தோம். பாதி நாற்காலியில், பின்னால் சாய்ந்து உட்கார்ந்தால் இருக்கையின் விளிம்பு முழங்காலின் பின்பக்கத்தை அழுத்தியது. அங்கே இரண்டு மூன்று விரல் இடைவெளி வேண்டும் என்பதே எனக்கு அங்கே போய்த்தான் தெரிந்தது. உயரம் ஏற்றி இறக்குகிற, இருக்கை ஆழம் குறைந்த ஒன்றை எடுத்துவிட்டோம், கால் வைக்கச் சின்னப் பலகையும் சேர்த்து. புது வீட்டு முகவரிக்கே நேராகப் போய்விடும். ஃபைலை நான் தனியாகச் செய்கிறேன். ஃப்ரேம்காரி மட்டும் இன்னும் பேசவில்லை.

இரும்புக்கடாய்:
கல்யாணத்துக்கு நாற்காலியா? சரி, அதில் அவள் வீட்டுக்காரர் உட்காராமல் பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

வெயில்காகம்:
அவர் ஆறடி அக்கா. அந்த நாற்காலியில் அவரால் உட்கார முடியாது.