பாட்டியின் பெட்டியில் ஜப்பான் நோட்டு

கேள்வி (யாங்கோன்):
பாட்டியின் டிரங்குப் பெட்டியில் ஜப்பான்காரன் அச்சடித்த பத்து ரூபாய் நோட்டு ஒரு கட்டு இருக்கிறது. பர்மாவை ஜப்பான் பிடித்து வைத்திருந்த 1942 முதல் 1945 வரை, இங்கிருந்த நம் தமிழ்ப் பெண்கள் எப்படித்தான் குடும்பம் நடத்தினார்கள்?

பதில் (மோல்மேன்):
1941 டிசம்பர் 23 ரங்கூன் (இன்றைய யாங்கோன்) குண்டுவீச்சுக்கு அப்புறம் தாத்தா நடந்தே இந்தியா போய்விட்டார். அப்பாயி மூன்று பிள்ளைகளோடு இங்கேயே. துணி கிடைக்காமல் அரிசிச் சாக்கைப் பிரித்துப் பாவாடை தைத்தாராம். இடுப்பெல்லாம் அரிக்குமாம்; சொல்லும்போதே சொறிந்து காட்டுவார்.

பதில் (தட்டோன்):
எங்கள் ஆத்தா 1944இல் நேதாஜியின் படைக்குத் தோடுகளைக் கழற்றிக் கொடுத்தவர். கடைசிவரை மூளிக் காதுதான். தாத்தாவுக்கு அதில் கோபம்!

பதில் (மோல்மேன்):
நோட்டைத் தூக்கிப் போடாதீர்கள். 1945இல் வெள்ளைக்காரன் திரும்பியதும் அது செல்லாக்காசு. அப்பாயி அடுப்புப் பற்றவைத்தது போக எங்கள் வீட்டில் இரண்டே நோட்டுதான் மிச்சம்.