போர்ட்லண்டா, சியாட்டிலா: கோப்பையில் பெயர் இருந்தால் போதுமா?

பழையபேப்பர்:
ஐஸ் ஹாக்கி வினாடி வினா இழையில் ரோஜாக்காடு போட்ட பதிலைப் படித்ததிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை. "ஸ்டான்லி கோப்பையின் முதல் அமெரிக்க சாம்பியன் போர்ட்லண்ட் ரோஸ்பட்ஸ், 1916." அதற்குப் பதினோரு லைக் வேறு! போர்ட்லண்ட் எதையும் வெல்லவில்லை சாமி. 1916 இறுதித் தொடர் மாண்ட்ரியலில் நடந்தது. மாண்ட்ரியல் கனேடியன்ஸுக்கு 3 வெற்றி, போர்ட்லண்டுக்கு 2. கனேடியன்ஸ் வாங்கிய முதல் கோப்பையே அதுதான். அமெரிக்காவுக்குக் கோப்பையை வென்று கொடுத்தது 1917இல் அதே கனேடியன்ஸை அடித்த சியாட்டில் மெட்ரோபாலிட்டன்ஸ். முதல் ஆட்டத்தில் 8-4 என்று வாங்கிக் கட்டிக்கொண்டு, பிறகு 6-1, 4-1, 9-1 என்று வட்டியோடு திருப்பிக் கொடுத்தார்கள். அந்தத் தொடரில் சியாட்டிலின் பெர்னி மாரிஸ் ஒருவரே 14 கோல்.

ரோஜாக்காடு:
கோப்பையில் போர்ட்லண்ட் பெயர் பொறித்திருக்கிறது. பார்த்துவிட்டுப் பேசுங்கள்.

பழையபேப்பர்:
பொறித்திருக்கிறது, யார் இல்லை என்றார்கள்? என்ன பொறித்திருக்கிறது என்பதையும் சேர்த்துப் படியுங்கள். 1915இல் வான்கூவர் மில்லியனர்ஸ் ஒட்டாவாவை அடித்துக் கோப்பையை மேற்குக் கரைக்குக் கொண்டுவந்தது. அடுத்த சீசனில், வான்கூவரும் ஆடிய மேற்குக் கரை லீகான பசிபிக் கோஸ்ட் லீகில் போர்ட்லண்ட் முதலிடம். பொறித்திருப்பது அந்த லீக் பட்டம்தான். பெண் பார்க்கப் போன இடத்தில் எடுத்த போட்டோவைக் கல்யாண ஆல்பம் என்று காட்டுகிறீர்கள்.

ஸ்கார்பரோ சிவா:
இரண்டு பேரும் சும்மா இருங்கள். இதில் அமெரிக்க அணி எங்கே இருக்கிறது? போர்ட்லண்ட் என்பது 1914இல் இடம் மாறிப் போன நியூ வெஸ்ட்மின்ஸ்டர் ராயல்ஸ். சியாட்டிலின் ஹோம்ஸ், ஃபாய்ஸ்டன், வாக்கர் எல்லாம் எங்கள் டொரொண்டோ புளூஷர்ட்ஸிலிருந்து 1915இல் தூக்கிக்கொண்டு போனவர்கள். 1914இல் டொரொண்டோவுக்குக் கோப்பை வாங்கிக் கொடுத்த அதே ஆட்கள். அமெரிக்காவில் இருந்தது பனி மட்டும்தான். அதுவும் மெஷின் பனி.

குட்டிப்புலி:
ஒரு சந்தேகம். 'சாம்பியன்' என்றால் லீக் சாம்பியனா, கோப்பை சாம்பியனா? அதை முதலில் முடிவு செய்துவிட்டால் சண்டையே இல்லையே?

ரோஜாக்காடு:
கோப்பையில் பெயர் இருக்கிறது. தோற்றவன் பெயரை யாராவது கோப்பையில் பொறிப்பார்களா?

பழையபேப்பர்:
நீங்களே வந்து மாட்டிக்கொண்டீர்கள். 1919க்கு வாருங்கள். சியாட்டிலில் அதே கனேடியன்ஸோடு தொடர். ஐந்து ஆட்டம் முடிந்தபோது ஆளுக்கு இரண்டு வெற்றி, ஒன்று 0-0 டிரா. அதற்குள் இன்ஃப்ளுயன்சா வந்து கனேடியன்ஸ் ஆட்டக்காரர்களைப் படுக்கையில் தள்ளிவிட்டது. ஏப்ரல் 1ஆம் தேதி ஆட்டம் ரத்து. கோப்பை உங்களுக்கே என்றபோது சியாட்டில் மேனேஜர் பீட் மல்டூன் வேண்டாம் என்றுவிட்டார். நான்கு நாள் கழித்து கனேடியன்ஸ் ஆட்டக்காரர் ஜோ ஹால் ஆஸ்பத்திரியில் இறந்துபோனார். 1948இல் கோப்பையைத் திருத்தியபோது இரண்டு அணிகளின் பெயரையும் பொறித்து, 'தொடர் முடியவில்லை' என்று சேர்த்தார்கள். பெயர் இருந்தால் சாம்பியன் என்றால், 1919இல் இரண்டு பேருமா சாம்பியன்? சொல்லுங்கள். மேனேஜரே வேண்டாம் என்ற கோப்பையை நீங்கள் கொடுப்பீர்களா?

ரோஜாக்காடு:
1919ஐ யார் கேட்டார்கள்? 1916இல் பெயர் இருக்கிறதா, இல்லையா?

மிச்சிகன் மாமா:
என்னமோ புரொஃபஷனல் ஹாக்கியே மேற்குக் கரையில்தான் பிறந்தது போலப் பேசுகிறீர்கள். 1904இலேயே எங்கள் ஹோட்டன் ஊரில், பல் டாக்டர் கிப்சன் காலத்தில், ஆட்டக்காரர்களுக்கு வெளிப்படையாகச் சம்பளம் கொடுத்து லீக் நடத்தினார்கள். நீங்கள் கொண்டாடும் வான்கூவரின் சைக்ளோன் டெய்லர்கூட அதற்கு முன் ஹோட்டனில் ஆடியவர்தான்.

பழையபேப்பர்:
வந்துவிட்டார். கபடி இழையிலும் இதே வேலைதான் பார்த்தார். 1907இல் இழுத்து மூடிய லீக் ஐயா அது! பசிபிக் கோஸ்ட் லீகைத் தொடங்கிய பேட்ரிக் சகோதரர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? அப்பாவின் மரக் கம்பெனியை விற்ற பணத்தை 1911இல் வான்கூவரிலும் விக்டோரியாவிலும் ஸ்கேட்டிங் அரங்கமாகக் கொட்டினார்கள். கனடாவின் முதல் செயற்கைப் பனி. வான்கூவர் அரங்கில் மட்டும் பத்தாயிரம் பேருக்கு மேல் உட்காரலாம். ஆடுகளத்தை மூன்றாகப் பிரிக்கும் நீலக்கோடு அவர்கள் போட்டது. முன்னோக்கிப் பாஸ், பெனால்டி ஷாட், எல்லாம் அவர்கள் கொடுத்தது. இன்றைக்கு டிவியில் பார்ப்பது பாதி அந்த லீகின் சொத்து.

மிச்சிகன் மாமா:
கபடி இழையில் யார் ஓடிப்போனது என்று எல்லோருக்கும் தெரியும். அவ்வளவு புதுமைக்காரர்கள், கிழக்கு லீகில் அணிக்கு ஆறு பேர் ஆடும்போது 1922 வரை ஏழாவது ஆளை ஏன் கட்டிக்கொண்டு அழுதார்கள்? சியாட்டில் ஜெயித்ததும் ஏழாவது ஆள் புண்ணியத்தில்தான்.

பழையபேப்பர்:
ஹா! 1917இல் ஒரு ஆட்டம் ஏழு பேர், அடுத்தது ஆறு பேர் என்று மாற்றி மாற்றி ஆடினார்கள். சியாட்டில் தோற்ற முதல் ஆட்டம் ஏழு பேர் விதி. 6-1, 9-1 இரண்டும் கிழக்கத்தி ஆறு பேர் விதி. எண்ணத் தெரிந்தவர் எண்ணிக்கொள்ளட்டும்.

குட்டிப்புலி:
நான் கேட்டதற்கு இன்னும் பதில் இல்லை.

ஸ்கார்பரோ சிவா:
எனக்கும்தான் இல்லை, தம்பி. அந்த மாரிஸ் கதையும் தெரியும்தானே? ராணுவ டிராஃப்ட் விவகாரத்தில் பிடிபட்டு 1919 தொடரையே கோட்டைவிட்டு, அல்காட்ராஸ் சிறைக்குப் போன ஆள். இவருக்குப் போய்...

பழையபேப்பர்:
சிறைக்குப் போனால் 14 கோல் 13 ஆகிவிடுமா? அவர் இல்லாமலே சியாட்டில் 1919இல் 7-0, 7-2 என்று அடித்தது. இதையும் நானே சொல்லவேண்டியிருக்கிறது. அப்புறம், ஒட்டாவாவும் டொரொண்டோவும் பற்றி நாளைக்குத் தனி இழை போடுகிறேன், அங்கே வாருங்கள்.

ரோஜாக்காடு:
தனி இழை போடுங்கள், இரண்டு போடுங்கள். வினாடி வினாவில் எனக்குக் குறைத்த ஐந்து மதிப்பெண்ணை யார் திருப்பித் தருவது? பெயர் இருக்கிறது.