டிபி மாத்திரை போட்டதும் சிறுநீர் ஆரஞ்சு நிறம்: ரத்தமா, மருந்தா?

யாங்கோன் தம்பி:
அப்பாவுக்கு டிபி என்று திங்கட்கிழமை மாத்திரை ஆரம்பித்தார்கள். நாலு மருந்தும் ஒன்றாகச் சேர்ந்த செங்கல் நிற மாத்திரை. மறுநாளே சிறுநீர் ஃபாண்டா மாதிரி போகிறது, வெள்ளைப் பனியனில் அக்குள் பக்கமும் அதே கறை. மாத்திரை கொடுத்த இடத்தில் இதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. ரத்தம் போகிறது என்று பயந்து அப்பா இரண்டு நாளாக மாத்திரையைத் தொடவில்லை. பக்கத்து வீட்டு மாமாவோ, மண்ணில் இருக்கும் கிருமியிலிருந்து எடுத்த இயற்கை மருந்துதானே, உடம்பை ஒன்றும் செய்யாது என்கிறார். நிஜமா?

மோல்மீன் அக்கா:
ரத்தம் இல்லை தம்பி. ரிஃபாம்பிசின் என்ற மருந்தின் சொந்த நிறமே அது. வியர்வை, எச்சில், கண்ணீர் எல்லாவற்றிலும் வரும். இரண்டு நாள் விட்டதை மறைக்காமல் மருந்து கொடுத்த இடத்தில் இன்றைக்கே சொல்லுங்கள்.

பெகு வாத்தியார்:
மாமா சொன்னதில் பாதி சரி. 1957இல் பிரான்சின் தென்கரையில் பைன் காட்டில் எடுத்த மண்ணை இத்தாலியில் மிலான் ஆய்வகத்தில் பார்த்தபோது ஒரு பாக்டீரியா கிடைத்தது, அது சுரந்த பொருள்தான் ரிஃபாமைசின். ஆனால் அதை அப்படியே விழுங்கிப் பயனில்லை, குடல் சரியாக உறிஞ்சாது. அதன் மூலக்கூறை மாற்றி 1965இல் செய்ததுதான் ரிஃபாம்பிசின். டிபி கிருமி தன் மரபணுவைப் பார்த்து ஆர்என்ஏ என்ற நகலை எழுதும் நொதிக்குள் போய் இது அடைத்துக்கொள்ளும், அந்த நகல் இரண்டு மூன்று எழுத்துக்கு மேல் நகராது. அந்த நொதியில் ஓரிடம் மாறிவிட்டாலே கிருமி தப்பித்துவிடும், அதனால்தான் கூடவே மற்ற மூன்று மருந்து. இடையில் விட்டுவிட்டுப் போட்டால் தப்பித்த கிருமிதான் பெருகும்.

இயற்கை என்றால் ஒன்றும் செய்யாது என்பதை மட்டும் நம்பாதீர்கள், பாம்பு விஷமும் இயற்கைதான். அந்த மாத்திரையில் ரிஃபாம்பிசினோடு இன்னும் இரண்டு மருந்து ஈரலைப் பதம் பார்க்கக்கூடியவை. கண் வெள்ளை மஞ்சளாகி, வாந்தி வந்து, சிறுநீர் கடுங்காப்பி நிறத்தில் போனால் உடனே டாக்டரிடம் ஓடுங்கள்.

தவோய்க்காரன்:
ஆறு மாதம் சாப்பிட்டவன் சொல்கிறேன். காலையில் வெறும் வயிற்றில் போட்டுவிட்டு ஒரு மணி நேரம் கழித்துத்தான் மொஹிங்கா, நம்மூர் மீன்குழம்பு நூடுல்ஸ். அந்த ஒரு மணி நேரம்தான் பெரிய தண்டனை. கான்டாக்ட் லென்ஸ் கறை பிடித்து வீணாய்ப் போனது. அப்பா சர்க்கரைக்கோ ரத்தம் உறையாமலிருக்கவோ மாத்திரை எடுத்தால் டாக்டரிடம் சொல்லுங்கள், இந்த மருந்து அவற்றின் வேகத்தைக் குறைத்துவிடும். கருத்தடை மாத்திரைக்கும் அதே கதைதான்.

யாங்கோன் தம்பி:
எல்லாவற்றையும் அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். பாம்பு விஷம் வந்த இடத்தில் சிரித்துவிட்டார். சர்க்கரை மாத்திரை எடுக்கிறார், அதையும் கையோடு கொண்டு இப்போதே கிளம்புகிறோம். பனியன் கறைக்கு என்ன வழி?

தவோய்க்காரன்:
போகாது. கறுப்புப் பனியன் வாங்குங்கள்.