தமிழில் பெயரிட்ட இணைப்புகள் உடைந்த அனுபவங்கள்: மலையக உறுப்பினர்கள் பகிரலாம்

ஹட்டன், ஆசிரியர்:

சாதாரண தரப் பரீட்சைக்குத் தோற்றும் எங்கள் பகுதிப் பிள்ளைகளுக்காகக் கடந்தகால வினாத்தாள்களை ஓர் இணையதளத்தில் ஏற்றி வைத்தேன். கோப்புகளின் பெயர்களும் தமிழிலேயே இருக்க வேண்டும் என்பதில் பிடிவாதமாக இருந்தேன். தோட்டத்துப் பெற்றோர் பலர் எந்நேரமும் டேட்டா போட்டு வைப்பதில்லை என்பதால், இணைப்பைக் குறுஞ்செய்தியில் அனுப்பினேன். அன்று மாலையே, அழுத்தினால் ஒன்றும் திறக்கவில்லை என்று வரிசையாக அழைப்புகள் வந்தன. ஒரு தாயாரின் கைப்பேசியை வாங்கிப் பார்த்தபோது, 'ஹட்டன்' என்று நான் எழுதிய இடத்தில் சதவீதக் குறிகளும் ஆங்கில எழுத்துகளும் இலக்கங்களும் நிரம்பிக் கிடந்தன. அதுவும் பாதியில் அறுந்திருந்தது.

காரணத்தைத் தேடியபோதுதான் இணைப்பு எப்படி உருவாகிறது என்பது விளங்கியது. 2005 ஜனவரியில் வெளியான ஆர்எஃப்சி 3986 என்ற விதிமுறையின்படி, இணைய முகவரிக்குள் ஆங்கில எழுத்துகள், இலக்கங்கள், சில குறிகள் ஆகியவை மட்டுமே நேரடியாக வரலாம். மற்ற எழுத்துகளை இன்றைய உலாவிகள் யூடிஎஃப்-8 என்ற குறியாக்க முறையில் பைட்டுகளாக்கி (பைட் என்பது 0 முதல் 255 வரையான ஓர் எண்), ஒவ்வொரு பைட்டையும் ஒரு சதவீதக் குறியும் அடி பதினாறில் அமைந்த (0 முதல் 9 வரையும், அதன்பின் ஆங்கில ஏ முதல் எஃப் வரையும்) இரண்டு இலக்கங்களுமாக எழுதுகின்றன. 'ம' என்ற ஓர் எழுத்துக்கு 224, 174, 174 என மூன்று பைட்டுகள். அடி பதினாறின் ஆங்கில எழுத்துகளைத் தமிழ் ஒலியில் எழுதினால் அது %ஈ0%ஏஈ%ஏஈ ஆகும். நம் கண்ணுக்கு 'ஹட்டன்' நான்கு எழுத்து. உலக மொழிகளின் எழுத்துகளுக்கெல்லாம் எண் தரும் ஒருங்குறியோ புள்ளியைத் தனியாக எண்ணுவதால் அதற்கு ஆறு குறியீடுகள். ஆறு குறியீடுகள் 18 பைட்டுகளாகி, முகவரியில் 54 இடங்களைப் பிடித்துக்கொள்கின்றன. தமிழ் எழுத்து ஒன்று கலந்தாலும் ஒரு குறுஞ்செய்தியில் 70 எழுத்துகளுக்கு மேல் கொள்ளாது என்பதால், ஊர்ப் பெயர் ஒன்றே செய்தியின் பெரும்பகுதியை விழுங்கிவிட்டது. நான் பயன்படுத்திய மென்பொருள் மிச்சத்தை வெட்டிவிட்டுத்தான் அனுப்பியிருந்தது.

இதேபோன்ற அனுபவம் உள்ளவர்கள் எழுதுங்கள். 'ஆங்கிலத்திலேயே பெயர் வையுங்கள்' என்ற அறிவுரை மட்டும் வேண்டாம்; அது எனக்கும் தெரியும்.

பதுளை, அச்சக வடிவமைப்பாளர்:

சேர், உங்கள் எழுத்துகள் நீண்டன. எங்களுடையவை மாண்டே போயின. எங்கள் அச்சகத்தில் பல ஆண்டுகளாகப் பாமினி எழுத்துருவில்தான் தட்டச்சு செய்கிறோம். பாமினியில் 'தமிழ்' என்று திரையில் தெரிந்தாலும், கோப்புக்குள் இருப்பவை ஜே, கே, பீ, ஓ என்ற நான்கு ஆங்கில எழுத்துகளும் ஓர் அரைப்புள்ளியும்தாம். அந்த அரைப்புள்ளிதான் மெய்யெழுத்தின் புள்ளியாகத் தோன்றுகிறது. மரண அறிவித்தல்களை இணையத்தில் ஏற்றத் தொடங்கியபோது, தலைப்பிலிருந்து முகவரி தானாகவே உருவாகும்படி அமைத்திருந்தோம். விளைவாக, மெய்யெழுத்து வந்த இடமெல்லாம் அரைப்புள்ளிக்குரிய %3பீ (இந்தப் பீ ஆங்கிலத்தின் இரண்டாம் எழுத்து) முளைத்தது. முகவரி செல்லுபடியாகத்தான் இருந்தது, ஆனால் அதில் ஒரு தமிழ் எழுத்தும் இல்லை. இறந்தவரின் பெயரைத் தமிழில் தேடிய உறவினர் எவருக்கும் அது கிடைக்கவும் இல்லை.

பின்னர் எல்லாவற்றையும் ஒருங்குறிக்கு மாற்றினோம். அப்போது இரண்டு வகையான சிதைவுகளைக் கண்டேன். முதலாவதில், தலைக்கோடு சாய்ந்த ஆங்கிலச் சிறிய ஏயும், வட்டத்துக்குள் ஆர் எழுத்துடைய வணிகக் குறியும் மாறிமாறி வந்தன. அதைப் பார்த்து நான் பதறினேன், ஆனால் பதறத் தேவையில்லை. தமிழ் எழுத்துகள் யாவற்றுக்கும் முதல் பைட் 224, இரண்டாவது 174 அல்லது 175. அவற்றை விண்டோஸ்-1252 என்ற மேலைத்தேய எழுத்துத் தொகுதியாக வாசித்தால் இந்தக் கோலம்தான் தெரியும். பைட்டுகள் பத்திரமாக இருப்பதால், பக்கத்தின் எழுத்துத் தொகுதியை யூடிஎஃப்-8 என்று அறிவித்ததும் தமிழ் திரும்பி வந்தது. இரண்டாவது வகையில் வெறும் கேள்விக்குறிகள் மட்டுமே இருந்தன. தமிழை ஏற்காத தரவுத்தள நெடுவரிசை ஒன்று, சேமிக்கும்போதே ஒவ்வோர் எழுத்தையும் கேள்விக்குறியாக மாற்றிவிட்டது. சுமார் இரண்டு வாரத்து அறிவித்தல்களைப் பழைய அச்சுத்தாள்களைப் பார்த்து மறுபடியும் தட்டச்சு செய்தேன்.

நுவரெலியா:

என்னுடையது சிறிய சம்பவம். விடுதி முன்பதிவுப் படிவத்தின் இணைப்பிலேயே விருந்தினரின் தொலைபேசி எண்ணையும் சேர்த்து அனுப்பினோம். +94 என்று தொடங்கிய எண்கள் அனைத்தும், முன்னால் ஓர் இடைவெளியுடன் 94 என்றே வந்து சேர்ந்தன. படிவத் தரவில் கூட்டல் குறி இடைவெளியைக் குறிக்குமாம். கூட்டலே வேண்டுமென்றால் %2பீ என எழுத வேண்டும். ஒரு மாதம் கைப்பேசி நிறுவனத்தைத் திட்டிக்கொண்டிருந்தேன்.

பண்டாரவளை:

எங்கள் கோவில் திருவிழாவுக்கு ஒரு பக்கம் அமைத்தேன். 'ஸ்ரீ முத்துமாரியம்மன்' என்று முகவரியில் இருந்தது. நான் அழுத்தினால் திறந்தது. தலைவர் தம் வீட்டுக் கணினியில் அதையே தட்டச்சு செய்தால் 'பக்கம் இல்லை' என்றது. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தாலும் மயிரிழை வித்தியாசமும் தெரியவில்லை. பதுளை நண்பர் சொன்னதுபோலப் பைட்டுகளைப் பார்த்த பிறகே, என்னுடையதில் %ஈ0%ஏஈ%பீ8 என்றும் அவருடையதில் %ஈ0%ஏஈ%பீ6 என்றும் இருப்பதைக் கண்டேன். 'ஸ்ரீ' என்பதை 'ஸ'வில் தொடங்கியும் எழுதலாம், 2005இல் ஒருங்குறியில் சேர்க்கப்பட்ட 'ஶ'வில் தொடங்கியும் எழுதலாம்; எங்கள் இருவரின் எழுத்துருக்களும் இரண்டையும் ஒரே வடிவமாகக் காட்டின. அம்மனுக்கு இரண்டும் ஒன்றுதான், சேர்வருக்கு அல்ல. இரண்டாவது முகவரியையும் முதலாவதற்கே திருப்பிவிட்டேன்.

சிங்களப் பக்கம் ஒன்றும் எங்களிடம் இருக்கிறது. அதன் இணைப்புகளில் ஈ0வுக்குப் பின் பீ6 அல்லது பீ7 வரும். தமிழுக்கு ஏஈ அல்லது ஏஎஃப். எந்த மொழிப் பக்கம் உடைந்துள்ளது என்பதை இப்போது திறக்காமலேயே சொல்லிவிடுகிறேன்.

ஹட்டன், ஆசிரியர்:

பண்டாரவளை நண்பரின் பதிவை வாசித்ததும் என் கோப்புகளை மீண்டும் சோதித்தேன். 'கொட்டகலை' என்ற பெயரில் இரண்டு கோப்புகள் இருந்தன. ஒன்றின் இணைப்பில் அந்தப் பெயர் 72 இடங்களும், மற்றதில் 81 இடங்களும் பிடித்திருந்தது. முதலாவதில் 'கொ'வின் குறி ஒரே குறியீடாகவும், இரண்டாவதில் ஒற்றைக் கொம்பும் காலும் தனித்தனியாகவும் பதிவாகியிருந்தன. இவை 'ஸ்ரீ'யைப் போன்றவை அல்ல. இரண்டும் சமம் என்று ஒருங்குறியே ஏற்பதால், பெயர்களை என்எஃப்சி என்ற ஒருங்குறியின் சீரான வடிவத்துக்கு மாற்றும் சிறிய நிரல் ஒன்றை இயக்கியதும் ஒன்றாகிவிட்டன. கோப்புப் பெயர்கள் தமிழிலேயே இருக்கின்றன. குறுஞ்செய்திக்கு மட்டும், ஒவ்வொரு வினாத்தாளுக்கும் ஓர் எண்ணைக் கொடுத்துச் சிறிய இணைப்பாக அனுப்புகிறேன். நேற்று அந்தத் தாயாரின் கைப்பேசியில் கணித வினாத்தாள் திறந்தது.