கத்தா மாற்றத்தில் 11 மாதத் தாமதம்: அரசிடம் நஷ்ட ஈடு கேட்க வழி உண்டா?

அல்சூர்வாசி (கேள்வி):

அப்பா காலமான பின், பெங்களூரு அல்சூரில் அவர் பெயரில் இருந்த வீட்டின் கத்தாவை (உள்ளாட்சியின் சொத்துவரிப் பதிவேட்டில் உரிமையாளர் பெயரைக் காட்டும் பதிவு) என் பெயருக்கு மாற்றக் கோரி, எங்கள் வட்டார அலுவலகத்தில் மனுக் கொடுத்தேன். அரசு சேவைகளைக் கெடுவுக்குள் தர வேண்டும் என்னும் கர்நாடகத்தின் சகாலா திட்டப்படி கொடுத்த ஒப்புகைச் சீட்டில் குறித்திருந்த கெடு முடிந்து 11 மாதங்கள் கழித்துத்தான் கத்தா கைக்கு வந்தது. மனுவில் குறை இருப்பதாக ஒருமுறைகூட எழுத்தில் தெரிவிக்கவில்லை; போகும்போதெல்லாம், "கோப்பு மேலதிகாரியிடம் இருக்கிறது, அடுத்த வாரம் வாருங்கள்" என்பதே பதில். இதற்கிடையில், மாடி கட்ட வங்கி அளித்திருந்த கடன் ஒப்புதல் காலாவதியாகி, மறுபடியும் 11,800 ரூபாய் கட்டணம் செலுத்த நேர்ந்தது. வீட்டில் இடம் போதாமல், மகன் மாதம் 18,000 ரூபாய் வாடகையில் வெளியே குடியிருக்கிறான். இவற்றுக்கும் மன உளைச்சலுக்கும் சேர்த்து நஷ்ட ஈடு பெற முடியுமா? நுகர்வோர் ஆணையத்தில் புகார் கொடுத்தாலே போதும் என்கிறார் நண்பர் ஒருவர்.

ஜெயநகர் வாசகி:

ஐயா, 2011ஆம் ஆண்டின் சகாலா சட்டத்திலேயே தாமதத்துக்கு ஈட்டுத்தொகை உண்டு. பொறுப்பான அலுவலரிடமிருந்தே அது வசூலிக்கப்படும். ஆனால் நாளொன்றுக்கு 20 ரூபாய், அதிகபட்சம் 500 ரூபாய் என்பதால், 25 நாள்களிலேயே உச்சவரம்பு வந்துவிடும். அதன்பின் 11 மாதம் தாமதித்தாலும் அலுவலருக்குக் கூடுதலாக ஒரு காசும் செலவில்லை. வேறொரு சான்றிதழுக்காக நான் மேல்முறையீடு செய்தபோது, கிடைத்த தொகை ஆட்டோ செலவுக்குக்கூடக் காணவில்லை. எனினும், உரிய காரணமின்றித் தாமதம் நேர்ந்தது என்று ஆணையில் பதிவான ஒரு வரி பின்னால் பெரிதும் உதவியது. ஒப்புகைச் சீட்டை உடனே நகலெடுத்து வையுங்கள். அந்தத் தாளில் எழுத்து சீக்கிரமே மங்கிவிடுகிறது.

வழக்குரைஞர், சிவாஜிநகர்:

நண்பர் சொன்ன வழி உங்களுக்குப் பொருந்தாது என்றே கருதுகிறேன். லக்னோ வளர்ச்சி ஆணையம் எதிர் எம்.கே. குப்தா வழக்கில், 1993ஆம் ஆண்டு, வீடோ மனையோ ஒதுக்கும் அரசு அமைப்புகளும் நுகர்வோர் சட்டத்துக்கு உட்பட்டவை என்றும், அலைக்கழிப்புக்கான இழப்பீட்டைப் பொதுப்பணத்திலிருந்து முதலில் கொடுத்துவிட்டு, பொறுப்பான அலுவலர்களிடமிருந்து அதை வசூலிக்க வேண்டும் என்றும் உச்ச நீதிமன்றம் கூறியது. அந்தத் தீர்ப்பைத்தான் எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். ஆனால் அங்கே மக்கள் பணம் கட்டி வீடு வாங்கினார்கள். கத்தா மாற்றமோ சட்டம் விதித்த கடமை. பத்திரப் பதிவுக்கு வருபவர் நுகர்வோர் அல்லர் என்று எஸ்.பி. கோயல் வழக்கில் அதே நீதிமன்றம் தீர்ப்பளித்திருப்பதால், ஆணையத்தில் முதல் நாளே அந்த ஆட்சேபணை எழும்.

அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் தொடரும் ரிட் மனு, தேங்கிய கோப்பை நகர்த்துவதற்கே பெரிதும் பயன்படும்; உங்களுக்கோ வேலை முடிந்துவிட்டது. எஞ்சியிருப்பது உரிமையியல் நீதிமன்றத்தில் பண வழக்கு. கேட்கும் தொகைக்கேற்ப நீதிமன்றக் கட்டணமும் கட்ட வேண்டும். அரசுமீது வழக்குத் தொடர, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80ஆம் பிரிவின்படி இரண்டு மாத முன்னறிவிப்பு அவசியம். உள்ளாட்சி அமைப்பு என்றால் அதற்குரிய சட்டத்தின் அறிவிப்பு விதியையும் பார்க்க வேண்டும். 11,800 ரூபாய்க்கு ரசீதும், கடன் காலாவதியான நாளைக் காட்டும் வங்கிக் கடிதமும் இருந்தால் அது நேரடி இழப்பு. வாடகை அப்படியல்ல: கத்தா உரிய நாளில் கிடைத்திருந்தால் எந்த மாதத்தில் மாடி முடிந்திருக்கும் என்பதை, வரைபட அனுமதியையும் கட்டுமான ஒப்பந்தத்தையும் வைத்து நிரூபிக்க வேண்டியிருக்கும். மன உளைச்சலைக் கடைசியில் கேளுங்கள். அதையே முன்னால் வைத்த மனுக்கள் பல சுருங்கிப்போனதைக் கண்டிருக்கிறேன்.

அதற்கு முன், 10 ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் உங்கள் கோப்பின் குறிப்புத்தாள்களின் நகலைக் கேளுங்கள். எந்த மேஜையில் எத்தனை நாள் கிடந்தது என்பது தேதியோடு அதில் இருக்கும்.

அல்சூர்வாசி:

நன்றி ஐயா. கத்தா வந்து இரண்டு மாதம் ஆகிறது. வழக்குத் தொடர எவ்வளவு காலம் இருக்கிறது?

வழக்குரைஞர், சிவாஜிநகர்:

மூன்று ஆண்டு என்று நினைத்து இருந்துவிடாதீர்கள். சட்டப்படி செய்ய வேண்டியதைச் செய்யாமல் விட்டதற்கான இழப்பீட்டுக்கு, 1963ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் 72ஆம் இனத்தில் ஓராண்டே கொடுக்கிறது. கத்தா கொடுத்த நாள்வரை தவறு தொடர்ந்தது என்று நாம் சொல்வோம். கெடு முடிந்த நாளிலிருந்தே எண்ண வேண்டும் என்று அரசுத் தரப்பு சொல்லும். அந்தக் கணக்கில் பார்த்தால் நீங்கள் ஏற்கெனவே 13ஆம் மாதத்தில் நிற்கிறீர்கள். அறிவிப்புக்குரிய இரண்டு மாதம் கணக்கில் கழியும் என்பது மட்டுமே ஆறுதல். இந்த வாரமே முன்னறிவிப்பை அனுப்பிவிடுவது நல்லது.

அல்சூர்வாசி:

ஒப்புகைச் சீட்டைத் தேடி எடுத்தேன். அந்த அம்மா சொன்னதுபோலவே எண்ணில் பாதிதான் தெரிகிறது. நல்லவேளையாக, மனுக் கொடுத்த அன்று கைப்பேசிக்கு வந்த குறுஞ்செய்தி அழியாமல் இருக்கிறது; கெடு நாளும் அதில் உள்ளது. திங்கட்கிழமை தகவல் உரிமை மனுவைக் கொடுத்துவிட்டு, முன்னறிவிப்பையும் பதிவுத் தபாலில் அனுப்புகிறேன்.