ஹீலியம் போட்டிருந்தால் ஏர்ஷிப் பிழைத்திருக்குமா?

மாட்டுங்கா வாசி:
போன வாரம் சென்னையிலிருந்து திரும்பும்போது மும்பை மழையில் விமானம் இறங்க முடியாமல் முக்கால் மணி நேரம் வட்டமடித்தது. பக்கத்து சீட் பெரியவர், "அந்தக் காலத்து ஆகாயக் கப்பல் இந்த மழையில் என்ன பாடு பட்டிருக்கும்?" என்றார். எனக்குத் தெரிந்ததெல்லாம் ஹிண்டன்பர்க் என்ற ஜெர்மன் ஏர்ஷிப் எரிந்த வீடியோதான். உள்ளே நிரப்பிய, சுலபமாகத் தீப்பிடிக்கும் ஹைட்ரஜன்தானே எல்லாவற்றையும் கெடுத்தது?

செம்பூர்க்காரன்:
இல்லை சார். அமெரிக்கக் கடற்படையின் ஏக்ரான் ஏர்ஷிப்பில் இருந்தது தீப்பிடிக்காத ஹீலியம்தான். 1933 ஏப்ரல் 4 அன்று நியூ ஜெர்சி கடலோரம் புயலில் சிக்கி விழுந்தது, 76 பேரில் 73 பேர் போய்விட்டார்கள், லைஃப் ஜாக்கெட்கூட இல்லாமல் குளிர்ந்த தண்ணீரில். ஹிண்டன்பர்க்கில் இறந்தது 36 பேர். அதைப் படம் பிடித்தார்கள், இதைப் பிடிக்க ஆள் இல்லை. 1925-இல் ஒஹாயோ மேல் காற்றில் முறிந்த ஷெனன்டோவாவும் ஹீலியம் கப்பல்தான்.

பழைய டோம்பிவிலி:
பிரிட்டனின் ஆர்101-ஐ விட்டுவிட்டீர்களே, அதில் ஹைட்ரஜன்தான், ஆனால் கெடுத்தது அவசரம். அது கராச்சிக்குக் கிளம்பிய கப்பல், அங்கே பிரம்மாண்டமான கொட்டகைகூடக் கட்டி வைத்திருந்தார்கள். நடுவில் வெட்டி நீளமாக்கிய பிறகு ஒரே ஒரு தடவை பறக்கவிட்டுப் பார்த்துவிட்டு, 1930 அக்டோபர் 4 மாலை மழையிலும் காற்றிலும் கிளப்பிவிட்டார்கள். விமானத்துறை அமைச்சர் தாம்சன் பிரபுவே உள்ளே இருந்தார், லண்டன் மாநாட்டுக்குள் இந்தியா போய்த் திரும்பிவிட வேண்டும் என்ற அவசரம். விடிவதற்குள் பிரான்சில் போவே என்ற ஊர்ப் பக்கம் தரையில் மோதி எரிந்தது. 54 பேரில் 48 பேர் போய்விட்டார்கள்.

செம்பூர்க்காரன்:
அதேசமயம் ஜெர்மனியின் கிராஃப் ஸெப்பலின், அதுவும் ஹைட்ரஜன் கப்பல்தான், 590 தடவை பறந்தும் ஒரு பயணிகூடச் சாகவில்லை. அதன் கேப்டன் ஹுகோ எக்கனர் வானிலை வரைபடத்தை வைத்துக்கொண்டு புயலைச் சுற்றிக்கொண்டு போவார், முடிந்தால் அதன் ஓரக் காற்றையே தள்ளுவண்டியாக்கிக்கொள்வார். ஆனால் எல்லாக் கப்பலுக்கும் ஒரு எக்கனருக்கு எங்கே போவது?

மாட்டுங்கா வாசி:
சரி, பறக்காமல் கம்பத்தில் கட்டிப் போட்டுவிட்டால்?

பழைய டோம்பிவிலி:
1927 ஆகஸ்டில் நியூ ஜெர்சியின் லேக்ஹர்ஸ்டில் அமெரிக்கக் கடற்படையின் லாஸ் ஏஞ்சலஸ் என்ற கப்பல் அப்படிக் கட்டித்தான் கிடந்தது. திடீரென்று குளிர்ந்த கடற்காற்று வந்து வாலைத் தூக்க, 200 மீட்டர் உடம்பு மூக்கைக் கம்பத்தில் ஊன்றிக்கொண்டு செங்குத்தாகத் தலைகீழாக நின்றது, அப்புறம் நிதானமாக மறுபக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டது. உள்ளே ஆட்கள் இருந்தார்கள், யாருக்கும் பெரிய அடி இல்லை. போட்டோ இருக்கிறது, அந்தப் பெரியவருக்கு அனுப்புங்கள்.

மாட்டுங்கா வாசி:
நம்பர் வாங்க மறந்துவிட்டேனே!