ஆறேழு வயசுப் பிள்ளைக்கான கதையில் ஆட்டுக்குட்டி சாகலாமா?

கடனாநதி:
6 முதல் 8 வயது வரையான பிள்ளைகளுக்கு 32 பக்கப் படக்கதை ஒன்றின் வரைவு. நாங்குநேரிப் பக்கத்து ஊர். செல்வி வளர்க்கும் வெள்ளாட்டுக்குட்டி கருப்பி. ஐப்பசி மழை விட்டதும் முளைத்த இளம்புல்லில் அதை வயிறு முட்ட மேயவிடுகிறாள். மறுநாள் விடியும்போது தொழுவில் செத்துக் கிடக்கிறது (26ஆம் பக்கம்). அப்பாவும் அம்மாவும் "சாமிகிட்ட போயிட்டு" என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள். ஆச்சி மட்டும் அவளை மடியில் போட்டு ஒப்பாரி கட்டிப் பாடுகிறாள். "சாவு வேண்டாம், குட்டி காணாமல் போய்த் திரும்பக் கிடைத்ததாக முடியுங்கள்" என்று வாசித்தவர்களில் பாதிப் பேர் சொல்கிறார்கள். சாகட்டும் என்பது என் கட்சி. அடிச்சுப் பேசுங்க.

உடைமரம்:
சாகட்டும் அக்கா. ஆனா 26ல சாகக் கூடாது. தலைப்புக்கும் அச்சு விவரத்துக்கும் முதல் மூணு பக்கம் போனா, கதைக்கு 4 முதல் 31 வரை 14 இணைப்பக்கம் (விரிச்சா எதிரெதிராத் தெரியிற ரெண்டு பக்கம் ஒரு இணை) கிடைக்கும். 26ல செத்தா அழுகை, குழி வெட்டுறது, ஆச்சி பாட்டு, தேறுதல் எல்லாத்தையும் மூணே இணைக்குள்ள திணிக்கணும். பிள்ளை அழ ஆரம்பிக்கையில புத்தகத்தை மூடச் சொல்ற மாதிரி ஆயிரும்.

14ஆம் பக்கத்துல வைங்க. முன்னால அஞ்சு இணை, பின்னால ஒம்பது. 14 இடது கைப்பக்கம், தாளைப் புரட்டினாத்தான் தெரியும். 15ல வச்சா, நீங்க 14ஐ வாசிச்சுக் காட்டும்போதே பிள்ளை எதிர்ப்பக்கத்துப் படத்தைப் பாத்துரும்.

அடுத்தது சாவுக்கான காரணம். நீங்க எழுதியிருக்கிறது துள்ளுமாரிங்கிற ஆட்டு நோய். விவரம் சரிதான்: மழைக்குப் பிந்தின இளம்புல், நல்லாத் தின்னு கொழுத்த குட்டி, சில மணி நேரத்துல முடிஞ்சிரும். குடல்ல இருக்கிற கிருமி, திடீர்னு தீனி கூடினதும் பெருகி நஞ்சைக் கக்குது. கதைக்கு அதுதான் ஆபத்து. மேயவிட்டவ செல்வி. "நான்தான் கொன்னுட்டேன்"னு அவ நினைப்பா, வாசிக்கிற பிள்ளையும் நினைக்கும். இந்த வயசுல பிள்ளைக தான் திட்டினதாலயோ கோவப்பட்டதாலயோகூட ஒண்ணு செத்துப்போச்சுன்னு நம்பும். ஆட்டுக்கொல்லி நோயா மாத்துங்க. காய்ச்சல், மூக்குல சளி, வாயில புண்ணு, கழிச்சல்னு ஒரு வாரம் போல இழுக்கும். பக்கத்துல இருந்து பாக்கவும் விடை கொடுக்கவும் செல்விக்கு நேரம் இருக்கும்.

மேலரதவீதி:
உடைமரம் அண்ணாச்சி, பக்கக் கணக்கு சரி. காரணத்தை மாற்றச் சொல்வதை மட்டும் ஏற்க மாட்டேன். அந்தப் பழியுணர்ச்சியை எடுத்துவிட்டால் ஆச்சியின் சொல்லுக்குக் கதையில் வேலையே இல்லை. அழுகிற பிள்ளையைத் தட்டிக்கொடுக்க எவராலும் முடியும். "நீ புல்லு காட்டினது பாசம். சீக்கு வந்தது கிருமியால. மழைக்கு முன்னால ஊசி போட்டிருக்கணும், அது பெரியவங்க வேலை, நாங்க போடல" என்று ஒரு பெரியவர் வாய்விட்டுச் சொல்வது வேறு. துள்ளுமாரிக்குத் தடுப்பூசி உண்டு, பருவமழைக்கு முன்பே போட்டுவிட வேண்டும். ஆக, ஆச்சி சொல்வது பொய் ஆறுதல் இல்லை.

கடனாநதி கோட்டை விட்ட இடம் "சாமிகிட்ட போயிட்டு". ஆச்சியும் அதை எங்கும் உடைத்துப் பேசவில்லை. சாவு திரும்பி வராதது என்பது பிள்ளைகளுக்கு ஐந்து முதல் ஏழு வயதுக்குள்தான் பிடிபடுகிறது. போனது என்றால் எப்போது வரும் என்று கேட்பார்கள், தூங்குகிறது என்றால் ராத்திரி கண்ணை மூடப் பயப்படுவார்கள். "கருப்பி செத்துப்போச்சு. இனி மூச்சு விடாது. பசிக்காது. வலிக்காது. எந்திரிக்காது." ஐந்து சிறு வாக்கியம் போதும். "குழிக்குள்ள மூச்சு முட்டாதா?" என்று கேட்கப்போகும் பிள்ளைக்கு இதிலேயே பதில் இருக்கிறது.

வல்லநாட்டு மான்:
எல்லாரும் சாவை எப்படிச் சொல்லணும்னே பேசுதீய. சொல்லணுமாங்கிறதுதானே கேள்வி? ஆறு வயசுக்குப் பிரிவு போதும். பறவைச் சரணாலயம் இருக்கிற கூந்தன்குளத்தை எடுத்துக்கிடுங்க. கூட்டுல இருந்து விழுந்த நாரைக்குஞ்சைத் தாய் தரையில வந்து ஊட்டாது. அந்த ஊர்க்காரங்க அப்படி விழுந்த குஞ்சுகளை எடுத்துக் காப்பாத்துனவங்க, பறவைக்காகத் தீபாவளிக்கு வெடி போடுறதையே நிறுத்தினவங்க. குஞ்சு விழுது, ஊர் தேத்துது, சிறகு முத்தினதும் கூட்டத்தோட பறந்து போகுது. இழப்பும் இருக்கு, பிணம் இல்ல.

உடைமரம்:
கதை நல்லாத்தான் இருக்கு, ஆனா அது வேற கதை. பறந்துபோன நாரை அடுத்த வருசம் வரும்னு பிள்ளை காத்திருக்கலாம், அது நியாயமான நம்பிக்கை. அதே நம்பிக்கையோட கருப்பிக்கும் காத்திருந்தா என்ன செய்வீங்க? பிரிவைச் சொல்லிச் சாவைப் புரியவைக்க முடியாது.

அந்த நாரைக் கதையை எழுதுறதா இருந்தா நாலைக் கவனிங்க. அங்க கூடு கட்டுற சங்குவளை நாரை சைபீரியாவுல இருந்து வாரதில்ல, அது நம்ம நாட்டுப் பறவை. தூர தேசத்துல இருந்து வாரது வரித்தலை வாத்து. குஞ்சுக்கு இளஞ்சிவப்பு இறகு கிடையாது, சாம்பலும் பழுப்புமா இருக்கும். வளந்த நாரை குரல் கொடுக்கிறதே அபூர்வம், அலகைத்தான் தட்டும். "தாய் நாரை கதறியது"ன்னு எழுதிப்புடாதீங்க. செல்வி குஞ்சை வீட்டுலயே வச்சு வளக்கிறதாவும் வேண்டாம், 1972 வனவுயிர்ச் சட்டம் இருக்கு. வனத்துறை ஆளை ஒரு படத்துலயாவது நிறுத்துங்க.

தேரிக்காடு:
நோயாம், நாரையாம். நம்ம பக்கம் ஆட்டுக்குட்டி வளக்குற பிள்ளை அதை எதுல இழக்குது? செவ்வாய்க்கிழமை மேலப்பாளையம் சந்தையில, இல்ல சுடலைமாடன் கோயில் கொடைத் திருவிழாவுல. அதை எழுத ஒருத்தருக்கும் துணிச்சல் இல்ல. நேந்துவிட்ட கிடா மேல தண்ணி தெளிப்பாங்க, அது உடம்பைச் சிலுப்பினாச் சாமி சம்மதம்னு வெட்டுவாங்க. "தண்ணி பட்டாச் சிலுப்பத்தானே செய்யும்?"னு செல்வி கேக்கட்டும். அந்த ஒரு கேள்விக்கு உங்க மொத்தக் கதையும் ஈடாகாது. நோயில சாகடிக்கிறது பெரியவங்களைத் தப்பிக்க விடுற வேலை.

மேலரதவீதி:
அந்தக் கேள்வி அருமை, மறுக்க மாட்டேன். ஆனால் பத்து வயசுக்கு மேலான கதைக்கு. அங்கே இழப்பைச் செய்வதும் வீட்டார், ஆறுதல் சொல்வதும் வீட்டார். அரிவாளைப் பிடித்தவர் சொல்லும் ஆறுதலை ஆறு வயசுப் பிள்ளை எப்படி நம்பும்? அதற்குச் சினேகிதனோ, வெட்டு பிடிக்காத ஒரு மாமாவோ வேண்டும். 32 பக்கத்தில் இடமில்லை, நெடுங்கதையாக எழுதுங்கள். இன்னொன்று: கருப்பி பொட்டை. கொடைக்கு வெட்டுவது கிடா. குட்டியையே மாற்ற வேண்டியிருக்கும்.

தேரிக்காடு:
மாத்தினாப் போச்சு. பத்து வயசு வரைக்கும் பொய்யில வச்சிருந்தாத்தான் நல்லதுங்கிறதை நான் ஒத்துக்கிட மாட்டேன். தட்டுல கறி அஞ்சு வயசுலயே விழுதுல்ல?

கடனாநதி:
தேரிக்காடு அண்ணாச்சி, அதைத் தனித் திரியில் பேசுவோம், எனக்கும் சொல்ல நிறைய இருக்கிறது. துள்ளுமாரியையே வைத்துக்கொள்கிறேன், சாவு 14க்கு நகர்கிறது. ஒப்பாரிதான் இன்னும் யாரும் தொடாத பகுதி. வரைவில் உள்ள நாலடி:

நெத்து ஒலுப்பி வச்சேன் – நீ
நின்னு திங்க வரலியே
கொத்துக் கொழ ஒடிச்சு வச்சேன் – ஒன்
கொரலு ஒண்ணும் கேக்கலியே

மேலரதவீதி:
நாலடியும் நன்றாக இருக்கின்றன. என் பயமும் அங்கேதான். வாசித்துக் காட்டுகிறவர் சந்தத்தில் சறுக்கிக்கொண்டு ஓடிவிடுவார். பிறகு, ஒப்பாரி பாடுகிற பெண் இன்னொருவர் சாவில் தன் துக்கத்தையும் சேர்த்துத்தான் அழுவாள். ஆச்சி தாத்தாவை இழுத்தால் கருப்பி காணாமல் போவாள், இழுக்காவிட்டால் அது ஒப்பாரி மாதிரியே இருக்காது.

துக்கத்தில் இருக்கும் பிள்ளை ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்கும். 18லும் 22லும் 28லும் செல்வி "கருப்பி வருமா?" என்று கேட்கட்டும். ஆச்சி மூன்று தடவையும் அதே சொல்லில் "வராது கண்ணு. நீ கேக்கும்போதெல்லாம் நான் பதில் சொல்லுதேன்" என்று சொல்லட்டும். ஒரு எழுத்துகூட மாறக் கூடாது. சொல் மாறினால் சங்கதியும் மாறிவிட்டதோ என்று பிள்ளை நினைக்கும்.

உடைமரம்:
மூணு கேள்வி சரி. பாட்டையும் எடுக்க வேண்டாம், பாட்டில்லாத ஆச்சி பாடப்புத்தக ஆச்சி ஆயிருவா. ரெண்டு ரெண்டு அடியா உடைச்சு 20லயும் 24லயும் போடுங்க, சந்தத்துல ஓட முடியாது. தாத்தாவை ஆச்சி கண்ணுல மட்டும் வைங்க, படம் பாத்துக்கிடும். 30ல செல்வி தானா ஒரு வரி சேக்கட்டும், எதுகை மோனை இல்லாம, "நீ என் பாவாடையைத் தின்ன"ங்கிற மாதிரி.

ஓவியருக்கு: கருப்பியைக் கன்னி ஆட்டு இனமா வரைஞ்சா கருப்பு உடம்பு, முகத்துல ரெண்டு பக்கமும் வெள்ளைக் கோடு. அது பால்கன்னி. செவப்புக் கோடுன்னா செங்கன்னி. நெத்தியில பொட்டு வரைஞ்சிராம. குழி ஆழமா வெட்டி மேல சுண்ணாம்பு தூவுற மாதிரி காட்டுங்க, சீக்குல செத்ததை அப்படித்தான் புதைக்கணும். குளத்தாங்கரையில வேண்டாம்.

வல்லநாட்டு மான்:
அப்போ பின்னட்டையில ஒரு வரியாவது போடுங்க: "இக்கதையில் ஒரு விலங்கு இறக்கிறது". வாங்குறவங்க முடிவு பண்ணிக்கிடட்டும். சாவு அன்னைக்கு நடந்த வீட்டுல ராத்திரி கதைக்குத் தெரியாம இதை எடுத்துட்டா என்ன ஆகும்?

மேலரதவீதி:
அந்த வீட்டுக்குத்தான் இந்தப் புத்தகமே.

வல்லநாட்டு மான்:
தெரிஞ்சு எடுத்தா சரி. தெரியாம எடுக்கக் கூடாதுங்கேன்.

கடனாநதி:
அந்த வரி இருக்கும். ஆனால் பின்னட்டையில் இல்லை, பின்னட்டையைப் பிள்ளையும் எழுத்துக் கூட்டி வாசிக்கும். 2ஆம் பக்கத்தில், அச்சு விவரத்துக்குக் கீழே, பெரியவர்களுக்கான சின்ன எழுத்தில். அதோடு இன்னொரு குறிப்பும்: 14ஆம் பக்கத்தில் நிறுத்துங்கள், பிள்ளை கேட்ட பிறகு புரட்டுங்கள்.